துக்குஷி: அமேசானின் ஏற்ற இறக்கத்தோடு வாழும் சின்ன ஓங்கில்

பிரேசிலின் மனாவுஸ் நகரத் துறைமுகத்தில் ஒரு மதில் இருக்கிறது. அமேசானின் துணையாறான நெக்ரோ ஆறு ஒவ்வோர் ஆண்டும் எவ்வளவு உயரம் ஏறியது என்று அதில் எழுதி வைத்திருக்கிறார்கள். அளவெடுப்பு 1902இல் தொடங்கியது. 2021 ஜூனில் ஆறு 30.02 மீட்டரைத் தொட்டது. 2023 அக்டோபரில் 12.70 மீட்டருக்கு இறங்கிவிட்டது. நடுவே இருப்பது 17 மீட்டருக்கும் மேல், அதாவது ஐந்து மாடிக் கட்டடத்தின் உயரம். இவை இரண்டும் வழக்கத்தை மீறிய ஆண்டுகள்தாம். ஆனால் சாதாரண ஆண்டிலேயே அங்கே தண்ணீர் சுமார் 10 மீட்டர் ஏறி இறங்கும்.

துக்குஷி என்ற சின்ன ஓங்கிலைப் புரிந்துகொள்ள இந்த எண்களிலிருந்து தொடங்குவதுதான் சரியான வழி. (டால்பினுக்குத் தமிழில் ஓங்கில் என்று பெயர், கட்டுரை முழுக்க அதையே வைத்துக்கொள்வோம்.) அது எங்கே இருக்கும், என்ன தின்னும், எப்போது குட்டி போடும், எதனால் சாகும் என்ற நான்கு கேள்விகளுக்கும் விடை அந்த நீர்மட்டத்தில்தான் இருக்கிறது.

முதலில் ஆளை அறிமுகப்படுத்திவிடலாம். முழு வளர்ச்சி பெற்ற துக்குஷியின் நீளம் ஏறத்தாழ ஒன்றரை மீட்டர், எடை சுமார் 50 கிலோ. முதுகு நீலம் கலந்த சாம்பல். வயிறு வெள்ளை அல்லது வெளிர் ரோஜா. மூக்கு நடுத்தர நீளம். முதுகில் சிறிய முக்கோணத் துடுப்பு, அதன் நுனி லேசாகப் பின்னோக்கி வளைந்திருக்கும். கடற்காட்சிகளில் துள்ளிக் குதிக்கும் புட்டிமூக்கு ஓங்கிலைச் சுருக்கிச் செய்தது போன்ற உருவம். பிரேசில், பெரு, கொலம்பியா, ஈக்வடார் ஆகிய நான்கு நாடுகளில் அமேசானிலும் அதன் துணையாறுகளிலும் வாழ்கிறது. முகத்துவாரத்திலிருந்து 3,000 கிலோமீட்டருக்கு அப்பால், பெருவின் உக்கயாலி, மாரன்யோன் ஆறுகளிலும் இதைப் பார்க்கலாம். பெருக்காரர்கள் 'சாம்பல் புஃபேயோ' என்கிறார்கள்.

அறிவியல் பெயர் சொட்டாலியா ஃப்ளுவியாட்டிலிஸ். பின்பாதிக்கு லத்தீனில் 'ஆற்றைச் சேர்ந்தது' என்று பொருள். 1853இல் முதன்முதலாக விவரிக்கப்பட்ட பிறகு, கிடைத்த மண்டையோட்டுக்கெல்லாம் ஒரு பெயர் என்று 19ஆம் நூற்றாண்டில் ஐந்து இனங்கள் வரை பிரித்து வைத்திருந்தார்கள். பின்னால் அத்தனையையும் ஒன்றாகச் சுருட்டி, ஆற்றில் இருப்பதும் தென் அமெரிக்காவின் அட்லாண்டிக் கரையோரம் இருப்பதும் ஒரே இனம் என்றார்கள். மண்டையோட்டு அளவீடுகளும் மரபணு ஆய்வும் சேர்ந்து 2007 வாக்கில் அந்த முடிச்சை அவிழ்த்தன: ஆற்றில் இருப்பது துக்குஷி, கடலோரத்தில் இருப்பது கயானா ஓங்கில் என்ற தனி இனம், சொட்டாலியா கயானென்சிஸ். கடலோர இனம் 2 மீட்டரைத் தாண்டி வளரும். பழைய நூல்களைப் புரட்டுகிறவர்கள் இதைக் கவனிக்க வேண்டும். 2007க்கு முன் 'துக்குஷி' என்ற பெயரில் எழுதப்பட்ட கணிசமான தகவல் கயானா ஓங்கிலைப் பற்றியது. அளவு பொருந்தாமல் இருந்தாலோ, உப்பங்கழி, விரிகுடா என்று இடம் வந்தாலோ சந்தேகப்படுங்கள்.

ஆற்றில் வாழ்கிறது, ஆனால் 'ஆற்று ஓங்கில்' வம்சம் இல்லை

கங்கை ஓங்கில், அமேசானின் இளஞ்சிவப்பு ஓங்கில், சீனத்தின் யாங்சி ஆற்றில் இருந்த பைஜி. இவற்றையே வழக்கமாக ஆற்று ஓங்கில்கள் என்று சொல்கிறோம். மூன்றும் வெவ்வேறு குடும்பங்கள். கடல் ஓங்கில்களின் குடும்பத்திலிருந்து வெகுகாலம் முன்பே விலகிய பழைய கிளைகள். மிக நீண்ட மூக்கு, சிறிய கண், மடங்கும் கழுத்து என்று சேற்று நீருக்கு ஏற்ற உடலமைப்பு கொண்டவை. கங்கை ஓங்கிலின் கண்ணில் வில்லையே கிடையாது.

துக்குஷி அந்த வரிசையில் வராது. அது டெல்ஃபினிடே குடும்பம், அதாவது புட்டிமூக்கு ஓங்கிலும் ஓர்க்காவும் சேர்ந்த கடல் குடும்பம். கண் நன்றாகவே இருக்கிறது, கழுத்து விறைப்பு, நீந்துவதில் வேகம். கடலுக்கான உடலோடு ஆற்றில் குடியேறிய விலங்கு என்று சொல்லலாம். நம் ஊர்ப் பக்கம் ஒப்பிட வேண்டுமானால் ஒடிசாவின் சிலிக்கா ஏரியில் இருக்கும் ஐராவதி ஓங்கில் இதே குடும்பம்தான். ஆனால் ஐராவதி கடலோரத்திலும் உண்டு, ஆற்றிலும் உண்டு. டெல்ஃபினிடே குடும்பத்தில் நன்னீரை மட்டுமே நம்பி வாழும் இனம் துக்குஷி ஒன்றுதான்.

அமேசானில் அதற்கு ஒரு பங்காளி இருக்கிறது: போத்தோ எனப்படும் இளஞ்சிவப்பு ஓங்கில். நீளம் இரண்டரை மீட்டர் வரை, எடை 180 கிலோவுக்கும் மேல். இரண்டும் ஒரே ஆற்றில், சில நேரம் ஒரே மீன் கூட்டத்தைச் சுற்றியும் காணப்படும். எது எது என்று பிரித்தறிவதுதான் புதிதாகப் பார்க்கிறவர்களுக்கு முதல் சோதனை.

நிறத்தை வைத்துப் பார்க்கலாம் என்று தோன்றும். அங்கேதான் பெரும்பாலானவர்கள் தவறுகிறார்கள். போத்தோவின் குட்டி பிறக்கும்போது சாம்பல் நிறம். வளர வளரத்தான் ரோஜா நிறம் ஏறும். இளம் போத்தோவும் முதிர்ந்த துக்குஷியும் நீளத்திலும் ஒத்துவரும். இன்னொரு பக்கம், துள்ளும் துக்குஷியின் வயிறு மாலை வெயிலில் நன்றாகவே ரோஜாவாகத் தெரியும். ஆகவே நிறத்தை விட்டுவிட்டு முதுகைப் பாருங்கள். துக்குஷிக்குத் தெளிவான முக்கோணத் துடுப்பு. போத்தோவுக்குத் துடுப்பு என்று சொல்லும்படி எதுவும் இல்லை, முதுகெலும்பு நெடுக நீளும் தாழ்ந்த மேடு மட்டுமே. அடுத்தது அசைவு. துக்குஷி சட்டென்று வந்து ஒரு நொடியில் மூச்சிழுத்து முதுகை வளைத்து மறைந்துவிடும், பெரும்பாலும் அரை நிமிடத்துக்குள் திரும்ப வரும். போத்தோ நிதானமாக எழும், நெற்றியும் மூக்கும் வெளியே தெரியும், பெருமூச்சு தூரத்திலேயே கேட்கும். நீரைவிட்டு முழு உடலும் வெளியே வரும்படி துள்ளினால் பெரும்பாலும் துக்குஷிதான். இரண்டு முதல் ஆறு வரை சேர்ந்து, ஒரே தாளத்தில் எழுந்து மூழ்கினால் சந்தேகமே வேண்டாம். படகுக்கு அருகில் வந்து எட்டிப் பார்க்கிறதா? அப்படியானால் போத்தோ. துக்குஷி கூச்சம் உள்ளது.

காதால் பார்ப்பது

அமேசானின் முதன்மை ஆறு ஆண்டிஸ் மலையிலிருந்து வண்டலைச் சுமந்து வருகிறது. காப்பியில் பால் ஊற்றியது போன்ற நிறம். கையை முழங்கை வரை விட்டால் விரல் தெரியாது. கண் நன்றாக இருந்தும் பயன் குறைவு என்பதால் துக்குஷி ஒலியை நம்புகிறது. மூச்சுத் துளைக்குக் கீழே உள்ள காற்றுப் பைகளுக்கு இடையே காற்றைத் தள்ளி 'டிக்' ஒலிகளை உண்டாக்கும். நெற்றியில் இருக்கும் கொழுப்புத் திரள் அதைக் குவித்து முன்னே அனுப்பும். மீனில் பட்டுத் திரும்பும் எதிரொலி கீழ்த்தாடை எலும்பிலுள்ள கொழுப்பு வழியாகக் காதுக்குப் போகும். இந்த ஒலியின் அதிர்வெண் 80 முதல் 100 கிலோஹெர்ட்ஸை ஒட்டியது. மனிதக் காது 20 கிலோஹெர்ட்ஸோடு நின்றுவிடும். அதிர்வெண் கூடக்கூட அலைநீளம் குறையும். 100 கிலோஹெர்ட்ஸில் தண்ணீருக்குள் அலைநீளம் ஒன்றரை சென்டிமீட்டர். விரல் நீள மீனைப் பிடிக்கிற விலங்குக்கு அந்த நுணுக்கம் தேவை.

உறவினரான கயானா ஓங்கிலிடம் 2011இல் இன்னொரு புலன் கண்டறியப்பட்டது. குட்டிப் பருவத்தில் மேல்தாடையில் மீசை முளைத்திருந்த குழிகள், மீசை உதிர்ந்த பிறகு மின்புலத்தை உணரும் உறுப்புகளாக வேலை செய்கின்றன. மீனின் தசை அசையும்போது தண்ணீரில் உண்டாகும் மிக மெல்லிய மின்னோட்டத்தை அவை உணர்கின்றன. நஞ்சுக்கொடிப் பாலூட்டிகளில் இப்படி ஒரு புலன் நிரூபிக்கப்பட்டது அதுவே முதல் முறை.

தண்ணீர் போடும் அட்டவணை

மத்திய அமேசானில் ஆறு மே முதல் ஜூலை வரை உச்சத்தில் இருக்கும், அக்டோபர், நவம்பரில் அடித்தட்டுக்கு வரும். நம் ஊர் வெள்ளம்போல இரண்டு நாளில் வந்து போவதில்லை. மாதக்கணக்கில் மெல்ல ஏறி, மாதக்கணக்கில் மெல்ல வடியும். ஏறும்போது கரையோரக் காடு முழுக்க நீருக்குள் போகிறது. வண்டல் ஆறு மூழ்கடிக்கும் காட்டுக்கு வார்ஸியா என்றும், கறுப்பு நீர் ஆறு (வண்டல் குறைவாக, இலைச்சாறு ஊறிக் கறுத்து ஓடும் ஆறு) மூழ்கடிக்கும் காட்டுக்கு இகப்போ என்றும் பெயர். மரங்கள் உதிர்க்கும் பழத்தையும் விதையையும் தின்ன மீன்கள் காட்டுக்குள் பரவிவிடுகின்றன.

இங்கேதான் இரண்டு ஓங்கில்களும் வழி பிரிகின்றன. போத்தோவின் கழுத்து எலும்புகள் ஒன்றோடொன்று ஒட்டாதவை; தலையைப் பக்கவாட்டில் நன்றாகத் திருப்பும். அகன்ற கைத்துடுப்புகளைத் தனித்தனியாக அசைத்துப் பின்னோக்கியும் நீந்தும். மரத்தண்டுகளுக்கு நடுவே புகுந்து வளைந்து மீன் தேடும். துக்குஷியால் அது முடியாது. விறைத்த கழுத்தும் விரைவான உடலும் திறந்த வெளிக்கானவை. காட்டுக்குள் அது போவதில்லை. வெள்ளக் காலத்தில் ஆற்றின் நடுப்பகுதி, அகலமான கால்வாய்கள், ஆழமான ஏரிகள் ஆகியவற்றில் தங்கிவிடும்.

துக்குஷிக்கு மிகவும் பிடித்தமான இடம் என்று ஒன்றைச் சொல்லச் சொன்னால், இரண்டு நீர்கள் சேரும் முனையைச் சொல்லலாம். ஏரியின் கால்வாய் ஆற்றில் விழும் வாய், கறுப்பு நீர் துணையாறு வண்டல் ஆற்றில் கலக்கும் சங்கமம். அங்கே நீரோட்டம் சுழித்து வேகம் குறையும். உணவுத் துகள் தேங்கும். சிறு மீன் கூடும். கணக்கெடுப்புகளில் ஏரிகளிலும் சங்கமங்களிலும்தான் அடர்த்தி மிகுதியாகத் தெரிகிறது. துக்குஷியைப் பார்க்கப் போகிறவர்கள் நடு ஆற்றில் அலைய வேண்டாம். ஒரு ஏரி வாயில் படகின் எஞ்சினை அணைத்துவிட்டு ஒரு மணி நேரம் உட்கார்ந்தால் போதும்.

அது தவிர்க்கும் இடமும் தெளிவு: பாறையில் மோதி நுரைத்து ஓடும் வேகநீர். மதெய்ரா ஆற்றின் வேகநீர்ப் பகுதிகளுக்கு மேலே, பொலிவியாவில், போத்தோ வகை இருக்கிறது, துக்குஷி இல்லை. அமேசான் நாடுகளில் ஒன்றான பொலிவியா துக்குஷியின் பட்டியலில் விடுபட்டுப் போனதற்கு இதுவே காரணம்.

உணவு விஷயத்திலும் அதே பிரிவினை. துக்குஷியின் வயிற்றில் 11 குடும்பங்களைச் சேர்ந்த 28 வகை மீன்கள் கண்டறியப்பட்டிருக்கின்றன. பெரும்பாலும் கூட்டமாக நீந்தும் சிறு மீன்கள். பற்கள் எல்லாம் ஒரே மாதிரி கூர்முனை, பிடிப்பதற்கு மட்டுமே. மெல்லுவதில்லை, தலைப்பக்கமாக விழுங்கிவிடும். போத்தோவுக்குத் தாடையின் பின்பக்கம் கடைவாய்ப்பல் போன்ற தட்டையான பற்கள் இருப்பதால் கவசம் போர்த்திய கெளுத்தி வகைகளையும் நசுக்கித் தின்னும். அதன் உணவுப் பட்டியல் 40ஐத் தாண்டும்.

தண்ணீர் வடியத் தொடங்கியதும் காட்டில் சிதறியிருந்த மீன்கள் வேறு வழியின்றிக் கால்வாய்க்கும் ஏரிக்கும் வந்து நெருக்கியடித்துக் குவிகின்றன. துக்குஷிக்கு அறுவடைக் காலம். குட்டிகள் பிறப்பதும் அப்போதுதான், பெரும்பாலும் செப்டம்பருக்கும் நவம்பருக்கும் இடையே. சினைக்காலம் 10 முதல் 11 மாதம். அதாவது ஒரு குறைநீர்க் காலத்தில் இணைசேர்ந்தால் அடுத்த குறைநீர்க் காலத்தில் பிரசவம். ஒரு முறைக்கு ஒரே குட்டி. நீளம் 70 முதல் 80 சென்டிமீட்டர், தாயின் உடலில் பாதி. ஓங்கில்களில் சூல் சுமப்பதைவிடப் பால் கொடுப்பதற்குத்தான் தாய்க்கு அதிகத் தீனி வேண்டும். மீன் மலிந்து கிடக்கும் பருவத்தில் பால் சுரப்பு தொடங்கும்படி நாள்காட்டி அமைந்திருக்கிறது.

அதே நாள்காட்டிதான் இப்போது எதிராகவும் வேலை செய்கிறது.

வலை, தூண்டில் இரை, வெந்நீர்

மீன் குவிந்திருக்கும் இடத்துக்கு மீனவரும் வருவார். ஏரி வாய், கால்வாய் முனை, சங்கமம் என்று துக்குஷி தேர்ந்தெடுக்கும் இடங்கள் ஒவ்வொன்றும் செவுள்வலை கட்டுவதற்கும் ஏற்ற இடங்கள். ஒற்றை இழை நைலான் நூலில் எதிரொலி மிகக் குறைவாகவே எழும். வலையில் ஏற்கெனவே மாட்டித் துடிக்கும் மீனின் எதிரொலியோ பளிச்சென்று கேட்கும். அதை நோக்கிப் போன ஓங்கில் மூக்கையோ துடுப்பையோ சிக்கவைத்துக்கொள்ளும். பின்னோக்கி நீந்தி விடுவித்துக்கொள்ளத் தெரியாது. நுரையீரலால் மூச்சு விடும் விலங்கு என்பதால் மேலே வர முடியாமல் சில நிமிடங்களில் மூச்சடைத்துச் செத்துவிடும். பெரிய போத்தோ பல நேரம் வலையைக் கிழித்துக்கொண்டு போய்விடும், மீனவர்களின் வசவையும் வாங்கிக்கொள்ளும். 50 கிலோ துக்குஷிக்கு அந்த வலு இல்லை. குட்டிக்குச் சொல்லவே வேண்டாம்.

வலையில் செத்த உடல் சும்மா போவதும் இல்லை. பிரகத்திங்கா என்று ஒரு கெளுத்தி மீன் இருக்கிறது, அழுகிய இறைச்சிக்குக் கூட்டமாக வரும். கரையோரம் மரப்பலகையால் கூண்டு கட்டி, உள்ளே ஓங்கிலின் அல்லது முதலையின் உடலைக் கட்டிப்போட்டால் மீன்கள் மொய்க்கும், அள்ளிவிடலாம். கொலம்பியச் சந்தையில் இந்த மீனுக்குக் கிராக்கி உண்டானதும் போத்தோவை இதற்காகவே கொல்லும் வழக்கம் பரவியது. வலையில் செத்த துக்குஷியும் அதே கூண்டுக்குப் போனது. பிரேசில் 2015இல் இந்த மீனைப் பிடிக்கவும் விற்கவும் தடை போட்டது, கொலம்பியா 2017இல் விற்பனையைத் தடுத்தது. தடை நல்லதுதான். ஆனால் துக்குஷியின் முதன்மைச் சிக்கல் இரை வியாபாரம் இல்லை, சாதாரணச் செவுள்வலை. சோற்றுக்கு மீன் பிடிக்கிறவரிடம் வலையைக் கட்டாதே என்று சொல்ல முடியாது என்பதால் இது கூண்டை ஒழிப்பதைவிடக் கடினமான வேலை.

எவ்வளவு குறைந்திருக்கிறது? சொலிமோயிஸ், ஜப்புரா ஆறுகள் சேரும் இடத்தில் மமிராவா காப்பகம் இருக்கிறது. அங்கே 1994 முதல் 2017 வரை ஒரே பாதையில் படகில் திரும்பத் திரும்பப் போய், பிரேசிலின் அமேசான் ஆய்வு நிறுவனத்தைச் சேர்ந்த வேரா ட சில்வா குழுவினர் எண்ணினார்கள். எண்ணுவது கேட்பதற்குத்தான் எளிது. ஒரு நொடி மட்டும் தலைகாட்டும் விலங்கு. படகின் முன்பக்கம் ஒரு குழுவும் பின்பக்கம் ஒரு குழுவும் ஒன்றுக்கொன்று சொல்லிக்கொள்ளாமல் பார்த்துக் குறித்தால்தான், முன்குழு எத்தனையைத் தவறவிடுகிறது என்று பின்குழுவின் கணக்கை வைத்து மதிப்பிட முடியும். பல ஆற்று ஓங்கில் கணக்கெடுப்புகளில் இந்த முறை பயன்படுகிறது. ஓரிடத்தில் ஒரே பாதையை ஆண்டுக்கணக்கில் எண்ணும்போது கூடுகிறதா குறைகிறதா என்ற போக்கு நன்றாகத் தெரியும். 2018இல் வெளிவந்த மமிராவா முடிவு: துக்குஷியின் எண்ணிக்கை ஏறத்தாழ ஒன்பது ஆண்டுக்கு ஒருமுறை பாதியாகிறது. 100 இருந்தால் 9 ஆண்டில் 50, 18 ஆண்டில் 25. ஒரு காப்பகத்தின் கணக்கை முழு அமேசானுக்கும் அப்படியே நீட்டக் கூடாது. ஆனால் பாதுகாக்கப்பட்ட இடத்திலேயே இந்த நிலை என்பது கவலையைக் கூட்டத்தான் செய்கிறது. அதுவரை 'போதிய தரவு இல்லை' என்ற பிரிவில் இருந்த துக்குஷி 2020 டிசம்பரில் பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியத்தின் (IUCN) சிவப்புப் பட்டியலில் 'அருகிவரும் இனம்' ஆயிற்று. அதோடு உலகின் நன்னீர் ஓங்கில் இனங்கள் எல்லாமே அழிவு அச்சுறுத்தல் உள்ளவை என்று ஆகிவிட்டது.

மூன்றாவது காரணம் 2023 செப்டம்பரில் தெரியவந்தது. அந்த ஆண்டுக் கடும் வறட்சியில், மமிராவாவுக்கு அருகிலுள்ள தெஃபே ஏரி தன் பரப்பில் பெரும்பகுதியை இழந்து மிக ஆழம் குறைந்த தண்ணீராகச் சுருங்கியது. மேகமில்லாத வானம், காற்றும் இல்லை. கலங்கிய நீர் வெயிலை அப்படியே உறிஞ்சும். வழக்கமாக 30 டிகிரி செல்சியஸை ஒட்டி இருக்கும் நீர் 39 டிகிரிக்கு மேல் போனது. செப்டம்பர் 28 அன்று ஒரே நாளில் 70 உடல்கள் மிதந்தன. சில வாரங்களில் போத்தோவும் துக்குஷியுமாக 200க்கும் மேல் செத்தன.

வெந்நீர் ஏன் கொல்கிறது? ஓங்கிலின் உடல் வெப்பம் ஏறத்தாழ 37 டிகிரி. அதற்கு வியர்வைச் சுரப்பி இல்லை. உடலில் கூடும் வெப்பத்தை, கொழுப்புப் போர்வை இல்லாத வால், துடுப்புகள் வழியாக இரத்தத்தை ஓடவிட்டுத் தண்ணீரில் கழித்துவிடும். சுற்றியுள்ள நீர் உடலைவிடச் சூடாக இருந்தால் இந்த ஏற்பாடு தலைகீழாகிவிடும்: அதே வாலும் துடுப்பும் வெளிச்சூட்டை உள்ளே இழுக்கும். ஆழமான நீர் இருந்தால் அடியில் குளிர்ந்த அடுக்குக்குப் போய்த் தப்பலாம். தெஃபேயில் 2 மீட்டர் ஆழத்திலும் சூடு குறையவில்லை. ஏரியை ஆற்றோடு இணைக்கும் வழி இருந்தது, அதில் ஆழம் குறைந்துகொண்டே வந்தது. மீன்கள் ஏரிக்குள் குவிந்திருந்தன, குட்டி போடும் பருவமும் அதுவே. உள்ளே இருப்பதற்குத்தான் துக்குஷிக்கு எல்லாக் காரணங்களும் இருந்தன.

அடுத்த ஆண்டு, 2024 அக்டோபரில், மனாவுஸில் ஆறு அந்த 12.70 மீட்டருக்கும் கீழே இறங்கியது.